பத்து மீட்டர் இடைவெளி

காலை ஏழரை மணி. பிவிண்டி காட்டின் ஓரத்திலுள்ள வனத்துறை முகாமில், ஈரப் புல்தரையில் மரப் பெஞ்சுகளைப் போட்டு எங்களை உட்கார வைத்திருந்தார்கள். உகாண்டாவின் தென்மேற்கு மூலை அது. மலைச்சரிவுகளில் பனிமூட்டம் இன்னும் விலகவில்லை. கையில் ஊன்றுகோல், கால்சட்டையை உள்ளே செருகிய நீளமான காலுறை, பையில் மழைச்சட்டை. எங்கள் குழுவில் எட்டுப் பேர். ஒரு கொரில்லாக் குடும்பத்தை ஒரு நாளில் எட்டுப் பேர்தான் பார்க்கலாம், அதுவும் ஒரே ஒரு மணி நேரம். வழிகாட்டி விதிகளை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு வந்தார். முகக்கவசம் கட்டாயம். பத்து மீட்டர் தள்ளியே நிற்க வேண்டும். காட்டுக்குள் துப்பக் கூடாது. இருமல் வந்தால் முகத்தைத் திருப்பி, முழங்கை மடிப்புக்குள் இருமிக்கொள்ள வேண்டும்.

கடைசியாகக் கேட்டார்: "உங்களில் யாருக்காவது சளி, இருமல், காய்ச்சல், வயிற்றுப்போக்கு இருக்கிறதா? இருந்தால் இப்போதே சொல்லிவிடுங்கள். யாரும் கோபித்துக்கொள்ள மாட்டோம்."

எனக்கு முந்தின நாள் ராத்திரியிலிருந்தே தொண்டை கரகரப்பு. விடியற்காலையில் இரண்டு தும்மல். வெந்நீர் குடித்து, பயணக் களைப்புதான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு வந்து உட்கார்ந்திருந்தேன். அனுமதிச் சீட்டு மட்டும் 800 டாலர். அந்த ஒரு மணி நேரத்துக்காக எத்தனையோ வருடம் ஆசைப்பட்டிருக்கிறேன். யாரும் என் தொண்டைக்குள் எட்டிப் பார்க்கப் போவதில்லை. பக்கத்துப் பெஞ்சில் இருந்தவர் காலணிக் கயிற்றை இறுக்கிக்கொண்டிருந்தார். சில நொடிகள்தான் இருக்கும், எனக்கு ரொம்ப நேரம் போல இருந்தது. அப்புறம் கையைத் தூக்கினேன்.

மற்ற ஏழு பேரும் காட்டுக்குள் போனார்கள். நான் தங்கும் விடுதிக்குத் திரும்பினேன். கொரில்லாவைப் பார்க்கப் போய், பார்க்காமல் வந்த கதை இது. பார்த்திருந்தால் இந்தக் கட்டுரையை இப்படி எழுதியிருக்க மாட்டேன் என்று நினைக்கிறேன். விடுதி அறையில் மூன்று நாள் படுத்துக் கிடந்தபோதுதான் என் தொண்டைக் கரகரப்புக்கும் மலைமேல் இருக்கும் அந்தக் குடும்பத்துக்கும் என்ன தொடர்பு என்று நிதானமாகப் படித்துப் புரிந்துகொண்டேன்.

மனிதர்களுக்கு வரும் நோய்கள் கொரில்லாவுக்கும் வரும். உடலமைப்பில் அவ்வளவு நெருக்கம். ஆனால் நம்மைச் சுற்றித் தலைமுறை தலைமுறையாகத் திரியும் கிருமிகள் அவற்றுக்குப் புதியவை, எதிர்த்து நிற்கும் சக்தி இல்லை. 2009-ல் ருவாண்டாவில் ஹிர்வா என்ற குடும்பம் மொத்தமும் இருமத் தொடங்கியது. ஒரு பெண் கொரில்லாவும் ஒரு பச்சிளங்குட்டியும் இறந்துபோயின. பரிசோதித்தபோது கிடைத்தது, மனிதர்களுக்குச் சாதாரணச் சளியைத் தரும் ஒரு வைரஸ்.

பிவிண்டியிலேயே அதற்கு முன்பு ஒன்று நடந்திருக்கிறது. 1996-ல் ஒரு கொரில்லாக் குடும்பத்தில் முடி கொட்டியது, தோல் செதில் செதிலாக உரிந்தது. உகாண்டாவின் வனவிலங்குத் துறையில் அப்போதுதான் வேலைக்குச் சேர்ந்திருந்த இளம் கால்நடை மருத்துவர் கிளாடிஸ் கலேமா-ஸிகுசோகா போய்ப் பார்த்தார். சொறி சிரங்கு. மருந்து ஊசி போட்டதில் மற்றவை பிழைத்தன, ஒரு குட்டி பிழைக்கவில்லை. சிரங்கு எங்கிருந்து வந்திருக்கும் என்று தேடியபோது காட்டோரத்துத் தோட்டங்களில் போய் நின்றது. விலங்குகளை விரட்ட நட்டு வைத்திருந்த சோளக்கொல்லைப் பொம்மைகளுக்கு வீட்டுப் பழந்துணிகளை மாட்டியிருந்தார்கள். மேயப் போன கொரில்லாக்கள் அந்தத் துணிகளைத் தொட்டிருக்க வேண்டும். அந்தத் துணி யாருடையது? மருத்துவமனைக்குப் போக வசதியில்லாத, துணி துவைக்கச் சோப்பு வாங்கவும் கையில் காசில்லாத ஒரு குடும்பத்தினுடையது. கொரில்லாவைக் காப்பாற்ற வேண்டுமென்றால் முதலில் இந்த வீட்டுக் குழந்தைகளின் சிரங்கைக் குணப்படுத்த வேண்டும் என்ற முடிவுக்கு அவர் வந்தார். 2003-ல் அதற்காகவே ஒரு அமைப்பைத் தொடங்கி, கொரில்லாவின் சாணத்தையும் கிராமத்து மக்களின் உடல்நலத்தையும் சேர்த்தே பரிசோதிக்கும் வேலையை இன்றுவரை செய்துகொண்டிருக்கிறார். கொரில்லாப் பாதுகாப்பு பற்றி நான் படித்ததில் என்னை அதிகம் யோசிக்க வைத்தது இதுதான்.

வழிகாட்டி சொன்ன அந்தப் பத்து மீட்டர் இடைவெளிக்கும் ஒரு வரலாறு உண்டு. முதலில் ஐந்து மீட்டர் என்று வைத்திருந்தார்கள். 1999-ல் ஏழாக்கினார்கள். கொரோனாவுக்குப் பிறகு பத்து.

சரி, கொரில்லா என்று பொதுவாகச் சொல்லிக்கொண்டே போகிறேன். அது ஒரே விலங்கு என்றுதான் நானும் வெகுகாலம் நினைத்திருந்தேன். உண்மையில் இரண்டு இனங்கள், ஒவ்வொன்றிலும் இரண்டு துணையினங்கள். மேற்குக் கொரில்லா, கிழக்குக் கொரில்லா. இரண்டுக்கும் நடுவில் காங்கோ படுகையின் காடு, கிட்டத்தட்ட 900 கிலோமீட்டர். அந்த இடைவெளியில் கொரில்லா கிடையாது. மேற்கில் தாழ்நிலக் கொரில்லா, கிராஸ் ரிவர் கொரில்லா. கிழக்கில் மலைக் கொரில்லா, அப்புறம் கிரௌவர் கொரில்லா. மேற்குக் கொரில்லா கொஞ்சம் சிறியது, உச்சந்தலையில் செம்பழுப்பு முடி, பழத்தைத் தேடி நிறைய நடக்கும். கிழக்குக் கொரில்லா பெரியது, கருமை கூடியது. அதிலும் மலைக் கொரில்லாவுக்குக் குளிரைத் தாங்க நீளமான, அடர்ந்த முடி. ருவாண்டா, உகாண்டா, காங்கோ ஜனநாயகக் குடியரசு மூன்றும் சந்திக்கும் விருங்கா எரிமலைகளில் பழ மரங்கள் குறைவு என்பதால் அங்கே காட்டுச் செலரி, முட்செடி, காஞ்சொறி, மூங்கில் குருத்து என்று இலையும் தண்டுமாகத் தின்றே வளர்கின்றன. காஞ்சொறி இலையை நாம் தொட்டாலே துடித்துப் போவோம். அவை மடித்துச் சுருட்டி வாயில் போட்டுக்கொள்கின்றன.

அறிவியலுக்கு மேற்குக் கொரில்லாவைத் தெரிந்தது 1847-ல், காபோனிலிருந்து கிடைத்த மண்டையோடுகளை வைத்து. மலைக் கொரில்லா இன்னும் அரை நூற்றாண்டு தள்ளி, 1902 அக்டோபரில். ராபர்ட் வான் பெரிங்கே என்ற ஜெர்மானியப் படை அதிகாரி சபின்யோ எரிமலையில் ஏறும்போது இரண்டைச் சுட்டார். அந்தத் துணையினத்தின் அறிவியல் பெயரில் இன்றைக்கும் அவர் பெயர்தான் இருக்கிறது. அங்கே தலைமுறைகளாக வாழ்ந்த மக்களுக்கு அந்த விலங்கு முன்பே தெரியும். ருவாண்டாவில் அதன் பெயர் இங்காகி. சுட்டவரின் பெயரைச் சுமந்துகொண்டு ஒரு விலங்கு நடமாடுவது எனக்கு ஏற்கவில்லை. இனி அதை மாற்றப் போவதும் இல்லை.

இந்த நான்கில் மலைக் கொரில்லாவின் கதைதான் எல்லோருக்கும் கொஞ்சமாவது தெரியும். விலங்கியலாளர் ஜார்ஜ் ஷாலர் 1959-ல் அவற்றைப் பின்தொடர்ந்து, கொரில்லா மூர்க்கமான மிருகம் என்ற கதையை உடைத்தார். கொரில்லா ஆய்வாளர் டயான் ஃபோசி 1967-ல் கரிசிம்பி, பிசோகே என்ற இரண்டு எரிமலைகளின் நடுவே முகாம் போட்டு, இரண்டின் பெயரையும் சேர்த்து அதற்குக் கரிசோகே என்று பெயர் வைத்தார். 1985 டிசம்பரில் அதே முகாமில் கொலை செய்யப்பட்டார். அவர் காலத்தில், 1980-களின் தொடக்கத்தில், விருங்கா மலைகளில் மிஞ்சியிருந்தவை சுமார் 250. இருபதாம் நூற்றாண்டு முடிவதற்குள் மலைக் கொரில்லா இருக்காது என்று அவரே பயந்தார்.

ஆனால் இருக்கிறது. 2015-16 கணக்கெடுப்பில் விருங்காவில் 604. 2018-ல் பிவிண்டிப் பக்கம் 459. மொத்தம் 1,063. 2018 நவம்பரில் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் தன் சிவப்புப் பட்டியலில் மலைக் கொரில்லாவை அழிவின் விளிம்பில் உள்ளவை என்ற வகையிலிருந்து ஒரு படி இறக்கி, அழியும் ஆபத்தில் உள்ளவை என்ற வகைக்கு மாற்றியது. மனிதக் குரங்குகளில் எண்ணிக்கை கூடிவருவதாகத் தெரிவது இந்த ஒன்றுதான்.

எப்படி நடந்தது? விருங்காவில் 1967 முதல் 2008 வரையிலான கணக்குகளை ஒப்பிட்ட ஓர் ஆய்வு 2011-ல் வந்தது. மனிதர்களுக்குப் பழக்கப்பட்ட குடும்பங்கள் ஆண்டுக்கு 4.1 விழுக்காடு பெருகியிருந்தன. பழக்கப்படாத குடும்பங்கள் ஆண்டுக்கு 0.7 விழுக்காடு குறைந்திருந்தன. ஒரே மலைத்தொடர், இரண்டுமே தேசியப் பூங்காக்களுக்குள். ஒன்றுக்கு மட்டும் தினமும் ஆள் போனது. தடம் பார்ப்பவர்கள் விடியற்காலையில் கிளம்பி, நேற்றுக் குடும்பத்தை விட்டுவந்த இடத்துக்குப் போய், அங்கிருந்து தடத்தைப் பிடித்து, இரவு தூங்கிய கூடுகளைக் கண்டுபிடித்து, ஒவ்வொருவரையும் மூக்கின் மேலுள்ள சுருக்கங்களை வைத்து அடையாளம் பார்த்துத் தலை எண்ணிவிட்டு வருவார்கள். விடுமுறை கிடையாது. மானுக்கு வைத்த சுருக்குக் கண்ணியில் ஒரு குட்டியின் கை மாட்டியிருந்தால் அன்றைக்கே தெரிந்துவிடும், மருத்துவர் வந்து மயக்க ஊசி போட்டுக் கம்பியை அறுத்துவிடுவார். ஆள் போகாத குடும்பத்தில் அந்தக் குட்டி கை அழுகிச் செத்துப்போகும், யாருக்கும் தெரியாது.

ஒரு குட்டிக்கு இவ்வளவு பாடா என்று தோன்றலாம். மலைக் கொரில்லாப் பெண் முதல் குட்டியை ஈனும்போது அதற்குக் கிட்டத்தட்ட பத்து வயது. எட்டரை மாதம் சுமக்கும். அடுத்த குட்டிக்கு நான்கு வருடம் ஆகும். பிறப்பதில் எல்லாமும் பிழைப்பதில்லை. ஆயுள் முழுக்க ஒரு தாய் ஆளாக்கிவிடுவது மூன்றோ நான்கோ. இந்தக் கணக்கில் ஒரு குட்டி போனால் ஈடுசெய்ய எத்தனை வருடம் ஆகும் என்று பாருங்கள்.

இதற்கெல்லாம் பணம் எங்கிருந்து? என்னைப் போல வருகிறவர்களின் சீட்டிலிருந்துதான். உகாண்டாவில் 800 டாலர், ருவாண்டாவில் 1,500. அதில் ஒரு பங்கு காட்டோரக் கிராமங்களின் பள்ளிக்கும் சாலைக்கும் போகிறது. ருவாண்டாவில் அது பத்து விழுக்காடு. ஆக, கொரில்லாவைப் பார்க்க ஆள் வந்தால்தான் காவல் நடக்கும். ஆள் வந்தால் சளியும் வரும். காப்பாற்றுகிற நெருக்கமும் கொல்லக்கூடிய நெருக்கமும் ஒரே பாதையில் ஏறி வருகின்றன. அன்றைக்குக் காலையில் பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோது இதில் என் பங்கு என்ன என்று எனக்குத் தெளிவாகத் தெரியாது. படித்த பிறகு, கையைத் தூக்கியதற்கு நிம்மதியாக இருந்தது. கூடவே, தூக்காமல் போனவர்கள் எத்தனை பேர் இருப்பார்கள் என்ற நினைப்பும் வந்தது.

இந்த வெற்றிக் கதையில் ஒரு பக்கத்தை யாரும் விரும்பிப் பேசுவதில்லை. பிவிண்டி 1991-ல் தேசியப் பூங்கா ஆனபோது அங்கே வாழ்ந்த பட்வா மக்களை வெளியேற்றினார்கள். தேன், கிழங்கு, மூலிகை, வேட்டை என்று காட்டிலேயே வாழ்ந்தவர்கள். அவர்களிடம் நிலப் பத்திரம் கிடையாது, அதனால் இழப்பீடும் கிடைக்கவில்லை. கொரில்லாவின் எண்ணிக்கை கூடிய இதே முப்பது வருடத்தில் அவர்கள் அடுத்தவர் நிலத்தில் கூலிக்கும் குடிசைக்கும் கையேந்தி நிற்கிறார்கள். கொரில்லாவைக் காப்பாற்ற இது தேவையாக இருந்தது என்று சொல்பவர்களை நான் நம்பவில்லை. காட்டை அவ்வளவு நுணுக்கமாகத் தெரிந்தவர்களைக் காவலுக்கு முதலில் கூப்பிட்டிருக்க வேண்டும்.

நான்காம் நாள் இருமல் நின்றிருந்தது. விடுதியில் வேலை பார்த்த ஒருவர், தன் மாமாவின் வாழைத் தோட்டத்துக்குக் கொரில்லாக் குடும்பம் ஒன்று வந்துபோய்விட்டது என்றும், போய் இரண்டு நாள் ஆகிறது, இப்போது காட்டுக்குள் தூரத்தில் இருக்கிறது என்றும் சொன்னார். "இடத்தைப் பார்க்கிறீர்களா?" என்று கேட்டார். முகக்கவசத்தை மாட்டிக்கொண்டு கூடவே போனேன்.

தோட்டம் செங்குத்தான சரிவு. ஒரு பக்கம் வாழை, இன்னொரு பக்கம் காடு, நடுவே வேலிகூட இல்லை. ஏழெட்டு வாழை மரங்கள் கீழே கிடந்தன. வெட்டுப்பட்ட மாதிரி இல்லை, கையால் பிளந்து உரித்த மாதிரி இருந்தன. மட்டைகளைப் பட்டை பட்டையாக நாலாபக்கமும் வீசியிருந்தது. நடுத்தண்டு மட்டும் காணோம். குலை தள்ளியிருந்த ஒரு மரத்தில் பச்சைக் காய்கள் அப்படியே கிடந்தன, சீண்டவில்லை. அதற்குத் தேவை தண்ணீரும் சாறும் உள்ள அந்த வெள்ளைத் தண்டுதான். ஒரு மட்டையின் ஓரத்தில் பல்தடம் இருந்தது. என் கட்டைவிரலை வைத்துப் பார்த்தேன், ஒரு பள்ளத்துக்குள் விரல்நுனி அப்படியே பொருந்தியது.

தோட்டத்துக்காரர் அறுபது வயதைத் தாண்டியவர். எங்களைச் சரிவின் மேலே, காட்டு விளிம்புக்குக் கூட்டிப் போனார். அங்கே கூடு இருந்தது. பெரிய பறவைக் கூட்டை மிதித்து அமுக்கினது போல, புதர்க் கிளைகளைச் சுற்றிலும் உள்பக்கமாக மடக்கி ஒரு வட்டம். ஒவ்வொரு நாளும் அந்தி சாயும்போது ஒவ்வொரு கொரில்லாவும் தனக்கென்று புதிதாக ஒன்று கட்டும், சில நிமிட வேலைதான். பால்குடிக் குட்டிகள் மட்டும் அம்மாவின் கூட்டில் படுத்துக்கொள்ளும். விடிந்ததும் விட்டுவிட்டுப் போய்விடும். இந்தக் கூட்டுக்குள் இலைகளெல்லாம் நசுங்கிக் கறுத்திருந்தன. ஓரத்தில் சாணம், மேலே காய்ந்துபோய், நார் நாராக. கூட வந்தவர் ஒரு குச்சியால் அதன் பருமனைக் காட்டினார். ஏழு சென்டிமீட்டருக்கு மேல் இருந்தால் அது வெள்ளிமுதுகு ஆண், அதாவது முதுகு நரைத்த, முழுதாக வளர்ந்த ஆண் என்று அர்த்தம். கணக்கெடுக்க வருகிறவர்களும் இப்படித்தான் கண்டுபிடிக்கிறார்கள், அப்புறம் அதிலிருந்தே மரபணுவையும் எடுத்து ஒன்றை இரண்டு தடவை எண்ணிவிடாமல் பார்த்துக்கொள்கிறார்கள். மடங்கிய கிளையொன்றில் ஒரு முடி மாட்டியிருந்தது. விரல் நீளம், நுனியில் வெள்ளை. நான் தொடவில்லை. குனிந்து ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். வியர்வையும் ஈர மண்ணும் கலந்த ஒரு நெடி, முகக்கவசத்தைத் தாண்டி, இரண்டு நாள் கழித்தும் இருந்தது.

"கோபம் வரவில்லையா உங்களுக்கு?" என்று கேட்கச் சொன்னேன்.

அவர் சொன்னதை, என்னைக் கூட்டி வந்த அவருடைய அக்காள் மகன் மொழிபெயர்த்தார். "வராமல் இருக்குமா? எட்டு மரம் போயிற்று. ஆனால் மணி அடித்துக்கொண்டு மெதுவாக விரட்டுகிற குழு இருக்கிறது, நானும் அதில் முன்பு இருந்தேன். கல்லால் அடிக்கக் கூடாது. பெரியவர் தன் கூட்டத்தை முன்னால் அனுப்பிவிட்டுக் கடைசியாகத்தான் கிளம்புவார். அவர் திரும்பிப் பார்க்கும்போது நாம் தலையைக் குனிந்துகொள்ள வேண்டும், அவ்வளவுதான்."

வெள்ளிமுதுகைப் பெரியவர் என்றுதான் சொன்னார். இந்த மனிதரின் பொறுமையில்தான் பிவிண்டியின் 459 நிற்கிறது. அவருடைய எட்டு மரத்துக்கு யார் என்ன கொடுத்தார்கள் என்று கேட்டேன். சிரித்தார், பதில் சொல்லவில்லை.

எல்லா இடத்திலும் இப்படி முடிவதில்லை. எல்லைக்கு அந்தப் பக்கம், காங்கோ ஜனநாயகக் குடியரசின் விருங்கா தேசியப் பூங்காவில், 2007 ஜூலையில் ருகெண்டோ குடும்பத்தில் வெள்ளிமுதுகான சென்க்வெக்வேயையும் பெண்களையும் சுட்டுப் போட்டார்கள். இறைச்சிக்காக இல்லை. உடல்கள் அப்படியே கிடந்தன. காட்டு மரங்களை எரித்துக் கரி விற்கும் கூட்டத்துக்கு, காவலர்கள் குறுக்கே நின்றது பிடிக்கவில்லை. கொரில்லா செத்துவிட்டால் காவலுக்கு என்ன வேலை என்பது அவர்கள் கணக்கு. அதே வருடம் ஜூனில், செத்த தாயின் மார்பைப் பிடித்துக்கொண்டிருந்த இரண்டு மாதக் குட்டி ஒன்றைக் காவலர்கள் கண்டெடுத்தார்கள். என்டகாசி என்று பெயர் வைத்தார்கள். ஆந்த்ரே பௌமா என்ற காவலர் முதல் ராத்திரி அதைத் தன் வெற்று மார்போடு அணைத்துச் சூடு கொடுத்தார். பதினான்கு வருடம் கழித்து, 2021 செப்டம்பரில், நோயுற்றிருந்த என்டகாசி அவர் மேல் சாய்ந்தபடியே இறந்துபோனது. அந்த ஒரு பூங்காவில் மட்டும் இதுவரை 200-க்கும் மேற்பட்ட காவலர்கள் கொல்லப்பட்டிருக்கிறார்கள். 2020 ஏப்ரலில் ஒரே நாளில் பன்னிரண்டு பேர்.

அதே நாட்டின் கிழக்கில் மட்டுமே வாழும் கிரௌவர் கொரில்லா நான்கிலும் உருவத்தில் பெரியது. 1994-ல் ருவாண்டா இனப்படுகொலைக்குப் பிறகு பத்து லட்சத்துக்கும் மேலானோர் அகதிகளாக எல்லை தாண்டி வந்தார்கள். அதையடுத்துப் போர். துப்பாக்கி மலிந்தது. காட்டுக்குள் கோல்டான் என்ற தாது இருந்தது. கைப்பேசியிலும் கணினியிலும் உள்ள மின்தேக்கிகளுக்கு வேண்டிய டான்டலம் இதிலிருந்துதான் கிடைக்கிறது. தோண்டப் போனவர்கள் காட்டுக்குள்ளேயே தங்கினார்கள். சாப்பாடு? கண்ணில் பட்ட விலங்குதான். கஹூசி-பியேகா பூங்காவின் மலைப்பகுதியில் இருந்த கொரில்லாக்கள் நான்கே வருடத்தில் பாதியாகக் குறைந்தன. 1990-களில் மொத்தம் 16,900 என்று மதிப்பிட்டிருந்த இந்தத் துணையினம் 2016-ல் 3,800 என்று வந்தபோது ஆய்வாளர்களே அதிர்ந்துபோனார்கள். அப்புறம் போக முடியாத காடுகளுக்குள்ளும் போய் எண்ணி, 2021-ல் 6,800 என்று திருத்தினார்கள். மீண்டுவிட்டது என்று இதற்கு அர்த்தமில்லை. முன்பு எண்ணாமல் விட்ட இடத்தை இப்போது எண்ணியிருக்கிறார்கள்.

மேற்குத் தாழ்நிலக் கொரில்லாவின் கணக்கிலும் இதே சிக்கல் உண்டு. காபோன், காங்கோ குடியரசு (முன்பு சொன்ன காங்கோ இல்லை, அதன் பக்கத்து நாடு), கேமரூன் என்று ஆறு நாடுகளில் பரந்து கிடக்கிறது. உயிரியல் பூங்காக்களில் நீங்கள் பார்த்திருக்கும் கொரில்லா அநேகமாக இதுதான். 2018-ல் வந்த பெரிய ஆய்வு மொத்தம் 3,60,000-க்கு மேல் என்று சொன்னது. மலைக் கொரில்லாவின் ஆயிரத்துக்குப் பக்கத்தில் வைத்தால் கவலையே வேண்டாம் போலத்தான் தெரியும். ஆனால் சிவப்புப் பட்டியலில் அழிவின் விளிம்பில் இருப்பது இந்த மூன்று லட்சம்தான், ஆயிரம் இல்லை. அதே ஆய்வு ஆண்டுக்கு 2.7 விழுக்காடு குறைகிறது என்றும், ஐந்தில் நான்கு கொரில்லா பாதுகாக்கப்பட்ட பகுதிக்கு வெளியே வாழ்கிறது என்றும் சேர்த்துத்தான் சொன்னது. மரம் வெட்டச் சாலை போடுகிறார்கள். அந்தச் சாலையிலேயே துப்பாக்கி போகிறது, திரும்பும்போது இறைச்சி வருகிறது.

துப்பாக்கி போதாதென்று எபோலா நோயும் வந்தது. காங்கோ குடியரசின் லோசி சரணாலயத்தில் ஆய்வாளர்கள் வருடக்கணக்காகக் கூடவே நடந்து, ஒவ்வொன்றையும் தெரிந்து வைத்திருந்த கொரில்லாக் குடும்பங்கள் இருந்தன. 2002 அக்டோபரில் தொடங்கி நான்கு மாதத்துக்குள் 143-ல் 130 செத்துப்போயின. அந்தப் பகுதி முழுக்கச் சுமார் 5,000 இறந்திருக்கும் என்று கணக்கிட்டார்கள். அந்த 143-ஐ ஒவ்வொன்றாகத் தெரிந்து வைத்திருந்தவர்கள் அந்த நான்கு மாதத்தை எப்படிக் கடந்தார்கள் என்று என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. தெரிந்து வைத்திருந்ததால்தான் சாவுக்குக் கணக்காவது கிடைத்தது.

ஆண்டுக்கு 2.7 விழுக்காடு என்றால் மூன்று லட்சத்துச் சொச்சத்தில் வருடத்துக்கு ஆயிரக்கணக்கில் போகிறது. மலைக் கொரில்லா மொத்தமும் அதில் ஒன்றரை மாதத்துக் கணக்குக்கூட இல்லை. அவ்வளவு பெரிய காட்டில் ஒவ்வொரு குடும்பத்துக்கும் தினமும் ஆள் அனுப்ப யாராலும் முடியாது. அதனால் மலையில் வென்ற வழி இங்கே செல்லாது. இங்கே காட்டையே விட்டுவைக்க வேண்டும், சாலைகளை மூட வேண்டும், துப்பாக்கியை உள்ளே விடக் கூடாது. ஒரு குட்டியின் படத்தைக் காட்டிப் பணம் திரட்டுவதை விட இது கடினமான வேலை. ஆனால் இதற்குத்தான் இப்போது அதிகக் குரல் வேண்டும் என்று நான் நினைக்கிறேன்.

அங்கே பார்ப்பதற்கு இடமே இல்லை என்பதும் இல்லை. அடர்ந்த காட்டின் நடுவே சில இடங்களில் சதுப்பான வெட்டவெளி திறந்துகொள்ளும். அங்குள்ளவர்கள் 'பாய்' என்பார்கள். காங்கோ குடியரசின் வடக்கில் ம்பேலி பாய் என்ற வெளியின் ஓரத்தில் மரமேடை கட்டி, 1990-களிலிருந்து தூர இருந்தே பார்த்து எழுதி வருகிறார்கள். சதுப்பில் இறங்கி நீர்ச்செடிகளின் வேரை அலசித் தின்ன கொரில்லாக்கள் வரும். அங்கேதான் லியா என்று பெயர் வைத்திருந்த ஒரு பெண், இடுப்பளவு தண்ணீரில் இறங்கி நின்று யோசித்து, திரும்பி வந்து ஒரு குச்சியை ஒடித்து எடுத்து, ஆழத்தைக் குத்திக் குத்திப் பார்த்தபடி நடந்தது. காட்டுக் கொரில்லா ஒரு கருவியைப் பயன்படுத்தியதை முதன்முதலாகப் பதிவு செய்தது அப்போதுதான், 2005-ல் அந்த ஆய்வு வெளிவந்தது. பார்த்தவர்கள் யாரும் அதன் பக்கத்தில்கூடப் போகவில்லை.

நான்காவது, கிராஸ் ரிவர் கொரில்லா. நைஜீரியாவுக்கும் கேமரூனுக்கும் இடையிலான எல்லை மலைகளில் சிறு சிறு கூட்டங்களாகச் சிதறிக் கிடக்கிறது. மொத்தமே 300-க்குள். தலைமுறை தலைமுறையாக வேட்டையாடப்பட்டதில் மனித வாடை பட்டாலே ஓடிவிடும். அதைப் பின்தொடர்ந்து பழக்குவதற்கு யாரும் துணியவில்லை. மனிதனைப் பார்த்துப் பயப்படுவதுதான் இப்போதைக்கு அதற்கு இருக்கும் ஒரே பாதுகாப்பு. அதனால் அங்கே காவல் பார்க்கும் உள்ளூர் மக்கள் கூடுகளையும் சாணத்தையும் வைத்துத்தான் கணக்கு வைக்கிறார்கள். வருடக்கணக்கில் காட்டுக்குள் நடந்தும் ஒரு தடவைகூடக் கொரில்லாவைக் கண்ணால் காணாதவர்கள் அவர்களில் உண்டு. குட்டிகள் பிறக்கின்றனவா என்பதே சந்தேகமாக இருந்தது.

நைஜீரியாவின் ம்பே மலைகளில் மரங்களில் கட்டி வைத்திருந்த தானியங்கிக் கேமராக்களில் ஒன்றில் 2020-ல் ஒரு குடும்பம் விழுந்தது. ஏழு கொரில்லா, அதில் வெவ்வேறு வயதில் பல குட்டிகள். அந்தப் படத்தை விடுதி அறையில், மூக்கைச் சிந்திக்கொண்டே, என் கைப்பேசியில்தான் முதலில் பார்த்தேன். இப்போதும் அடிக்கடி எடுத்துப் பார்க்கிறேன். பச்சைப் புதர்களுக்கு நடுவே கறுப்பாக நிற்கின்றன. அந்த நேரத்தில் அங்கே ஒரு மனிதர்கூட இல்லை.